அயூத்தியா ஒருநாள் டூர்: குழு பஸ்ஸா, தனி வேனா, ரயிலா?

மாடித்தோட்டம்:
வணக்கம். டிசம்பர் கடைசி வாரம் குடும்பத்தோடு பாங்காக் போகிறோம். அதில் ஒரு நாளை தாய்லாந்தின் பழைய தலைநகரான அயூத்தியாவுக்கு ஒதுக்கலாம் என்று இருக்கிறோம். நான், மனைவி, ஒன்பது வயதுப் பையன், அப்பா, அம்மா. அப்பாவுக்கு 71, முட்டிவலி உண்டு. ஆனால் பழைய கோயில் என்றால் மனுஷன் வலியை மறந்துவிடுவார், மறுநாள்தான் தெரியும். இணையத்தில் தேடினால் நூறு டூர் வருகிறது, எல்லாமே ஒரே மாதிரி இருக்கிறது. காலை ஆறரைக்கு ஹோட்டலில் ஏற்றிக்கொண்டு, பாங் பா இன் அரண்மனை, அப்புறம் நாலு கோயில், மதியச் சாப்பாடு, படகில் திரும்புவது. இதில் எதை நம்பி பணம் கட்டுவது? குழு பஸ் போதுமா, தனி வேன் எடுக்கணுமா? அப்பா அம்மா சுத்த சைவம். தமிழ் பேசுகிற கைடு கிடைத்தால் ரொம்ப நல்லது, அப்பாவுக்கு ஆங்கிலம் வேகமாகப் பேசினால் பிடிபடாது. போய் வந்தவர்கள் கொஞ்சம் விவரமாகச் சொல்லுங்கள்.

சுவர்க்கோழி:
கண்ணை மூடிக்கொண்டு குழு பஸ்ஸில் போங்க சார். நாங்கள் அப்படித்தான் போனோம், ஒரு குறையும் இல்லை. ஏசி பஸ், தண்ணீர் பாட்டில், சாப்பாடு எல்லாம் அவர்களே பார்த்துக்கொண்டார்கள். தலைக்கு ஆயிரத்துச் சொச்சம் பாட்தான். தனி வேன் எடுத்தால் இரண்டு மடங்குக்கு மேல் போகும், எதற்கு வீண் செலவு?

புகைவண்டிப்பித்தன்:
டூரே வேண்டாம் என்பது என் கட்சி. பாங்காக்கிலிருந்து அயூத்தியா சுமார் 80 கிலோமீட்டர்தான். ஹுவா லம்போங் பழைய ஸ்டேஷனிலிருந்து சாதாரண ரயில் இன்னும் ஓடுகிறது, மூன்றாம் வகுப்புக் கட்டணம் ஒரு காபி விலைகூட வராது. மின்விசிறி, திறந்த ஜன்னல், இரண்டு பக்கமும் வயல். எக்ஸ்பிரஸ் வண்டிகள் 2023 ஜனவரியில் குருங் தெப் அபிவாட் என்ற புது ஸ்டேஷனுக்கு மாறிவிட்டன, எந்த வண்டி எங்கிருந்து கிளம்புகிறது என்று பார்த்துக்கொள்ளுங்கள், நிறைய பேர் இதில்தான் கோட்டை விடுகிறார்கள்.

அயூத்தியா ஸ்டேஷன் ஊருக்குள் இல்லை. பழைய நகரம் ஒரு தீவு, சுற்றிலும் சாவோ பிரயா, பா சக், லோப்புரி என்று மூன்று ஆறுகள். ஸ்டேஷன் பா சக் ஆற்றுக்குக் கிழக்கே இருக்கிறது. இறங்கி நேரே நடந்தால் படித்துறை, சில பாட் கொடுத்தால் படகில் அக்கரை. அங்கே சைக்கிள் வாடகைக்குக் கிடைக்கும், இல்லையென்றால் மூக்கு நீண்ட அந்த ஊர் டுக்டுக்கை மணிக் கணக்கில் பேசிக்கொள்ளலாம். யாரும் கொடி பிடித்துக்கொண்டு முன்னால் நடக்க மாட்டார்கள், "இருபது நிமிஷம், பஸ்ஸுக்கு வாங்க" என்று விரட்ட மாட்டார்கள்.

நிழல்தேடி:
பித்தன் அண்ணா, அவர் 71 வயது அப்பாவைக் கூட்டிக்கொண்டு போகிறேன் என்கிறார், நீங்கள் சைக்கிள் வாடகை சொல்கிறீர்கள்.

அந்த ஊரில் நடப்பதைவிட நிற்பதுதான் கஷ்டம். கோயில்கள் எல்லாம் கூரை போன செங்கல் மேடுகள். உச்சி வெயிலில் செங்கல்லின் சூடு கீழேயிருந்து ஏறும், மேலே வானம், ஒதுங்க ஒரு மண்டபம் கிடையாது. டிசம்பர் என்பதால் ஏப்ரல் அளவுக்கு வாட்டாது, ஆனாலும் 11 மணிக்கு மேல் பெரியவர்களை வெட்டவெளியில் நிறுத்தி வரலாறு சொன்னால் அவர்கள் காதில் ஏறாது. மாடித்தோட்டம், உங்களுக்குத் தனி வேன்தான். ஐந்து பேர் இருக்கிறீர்கள், வேனுக்குக் கொடுப்பதைத் தலைக்குப் பிரித்துப் பார்த்தால் குழு பஸ்ஸோடு பெரிய வித்தியாசம் வராது. அப்பா களைத்தால் அந்த நிமிஷமே வண்டியில் ஏறி ஏசியில் உட்காரலாம். குழு பஸ்ஸில் நாற்பது பேரும் திரும்பி வரும்வரை டிரைவர் கதவைத் திறப்பாரா என்பதே சந்தேகம்.

செங்கல்சூளை:
வண்டியைப் பற்றியே பேசிக்கொண்டிருக்கிறோம். கைடு யார் என்பதுதான் முதல் கேள்வியாக இருக்கணும் என்பேன். ஏனென்றால் அயூத்தியா தானாகப் பேசுகிற ஊர் இல்லை. அங்கோர் வாட் மாதிரி சுவர் முழுக்கச் சிற்பம் கிடையாது. 1350இல் தொடங்கி 1767இல் பர்மியப் படை கொளுத்தும்வரை 417 ஆண்டு தலைநகர், 33 அரசர்கள். அங்கே டச்சுக்காரருக்கு, போர்த்துகீசியருக்கு, ஜப்பானியருக்கு எல்லாம் தனித்தனிக் குடியிருப்பு இருந்தது. ஜப்பானியப் படைத்தலைவர் யமாடா நாகமாசா இங்கே பெரிய பதவியில் இருந்தார். நாராய் மன்னர் காலத்தில் கான்ஸ்டன்டைன் பால்கன் என்ற கிரேக்கர் கிட்டத்தட்ட முதலமைச்சர் போல இருந்து, 1688இல் தலை துண்டிக்கப்பட்டார். பாரசீகத்திலிருந்து வந்த ஷேக் அகமது என்ற வணிகரின் வம்சம் பின்னாளில் சயாமின் பெரிய அமைச்சர் குடும்பங்களில் ஒன்றானது. இதெல்லாம் யாராவது சொன்னால்தான் உண்டு. சொல்ல ஆள் இல்லையென்றால் மூன்றாவது கோயிலிலேயே பையன் "இன்னும் எத்தனை இருக்கு" என்று கேட்பான், நீங்களும் மனசுக்குள் அதையே கேட்டுக்கொண்டிருப்பீர்கள்.

ஒரு உதாரணம் சொல்கிறேன். வாட் ராட்சபுரணா என்று ஒரு கோயில், வாட் மகாதாட்டுக்கு எதிர்ப்பக்கம், ரோட்டைக் கடந்தால் போதும். ஆனாலும் பல குழு டூர்கள் அதை விட்டுவிடும். 1424இல் அரசர் இறந்ததும் இரண்டு மூத்த மகன்கள் பட்டத்துக்காக யானைமேல் ஏறிச் சண்டை போட்டு இரண்டு பேருமே செத்துப்போனார்கள், மூன்றாவது மகனுக்கு அரியணை கிடைத்தது. அண்ணன்களை எரித்த இடத்தில் அவர் கட்டிய கோயில் இது. நடுக்கோபுரத்தின் அடியில் நிலவறை. 1957இல் திருடர்கள் உள்ளே இறங்கி, பொன்னும் மணியுமாக அள்ளிக்கொண்டு போனார்கள். பிடிபட்டதில் கொஞ்சம் மீண்டது, மிச்சத்தைத் தொல்லியல் துறை தோண்டி எடுத்தது. அங்கே கிடைத்த தங்க வாளும் யானைப் பொம்மையும் இப்போது சாவோ சாம் பிரயா அருங்காட்சியகத்தில் இருக்கின்றன, 1961இல் திறந்தது. கோபுரத்தில் ஏறி நிலவறைக்குள் இறங்கிப் பார்க்க இன்றும் விடுகிறார்கள். படி செங்குத்து, இடுக்கு, உள்ளே புழுக்கம், சுவரில் மங்கிப்போன ஓவியம். அப்பா கீழேயே இருக்கட்டும். பையனைக் கூட்டிப்போங்கள், அவன் மறக்க மாட்டான். முதலில் இதைப் பார்த்துவிட்டு அருங்காட்சியகம் போனால் அங்கே இருக்கிற தங்கத்துக்கு ஒரு அர்த்தம் இருக்கும். அங்கே ஏசியும் உண்டு, உச்சி வெயிலுக்குத் தோதான இடம்.

மாடித்தோட்டம்:
செங்கல்சூளை சார், எந்த டூர் பக்கத்திலும் இதில் பாதிகூட இல்லை. எல்லாரும் வாட் மகாதாட்டில் மரவேர் சுற்றிப் பிடித்திருக்கும் புத்தர் தலைப் படத்தை மட்டும் போட்டு வைத்திருக்கிறார்கள். சரி, கைடுதான் முக்கியம் என்றால் எப்படிப் பிடிப்பது? தமிழ் கைடு பற்றி யாரும் ஒன்றும் சொல்லவில்லையே. பாங்காக்கில் இருக்கும் ஒரு ஏஜெண்ட் "எங்களிடம் தமிழ் கைடு உண்டு, நம்ம ஊர் ஆள்" என்று வாட்ஸப்பில் அனுப்பியிருக்கிறார்.

பாங்காக்வாசி:
இங்கே வேலை பார்க்கிறேன், அதனால் சொல்கிறேன். அந்த "நம்ம ஊர் ஆள்" விஷயத்தில் ஜாக்கிரதை. தாய்லாந்தில் சுற்றுலா வழிகாட்டி வேலை தாய்லாந்துக் குடிமக்களுக்கு மட்டும் உரியது. 2008ஆம் ஆண்டுச் சட்டப்படி உரிமம் வேண்டும், வேலையில் இருக்கும்போது அந்த அட்டையைக் கழுத்தில் மாட்டியிருக்கணும். வெளிநாட்டவர் கைடாக வேலை பார்த்தால் அது குற்றம், வழியில் சுற்றுலாப் போலீஸ் நிறுத்தினால் உங்கள் நாளே பாழ். இதனால் ஒரு ஏற்பாடு நடக்கும்: உரிமம் உள்ள தாய்லாந்துக்காரர் ஒருவர் முன் சீட்டில் பேருக்கு உட்கார்ந்திருப்பார், பேசுவதெல்லாம் வேறு ஒருவர். முன்னவருக்கு ஊர் தெரியும், வாய் திறக்க மாட்டார். பின்னவருக்கு மொழி தெரியும், ஊர் தெரியாது. அவர் சொல்லும் கதையில் பாதி அவராகக் கட்டியது.

அப்பாவுக்காக என்றால் நிதானமாக ஆங்கிலம் பேசும் உரிமம் உள்ள கைடு ஒருவரைப் பிடியுங்கள், நீங்கள் பக்கத்தில் நின்று தமிழில் சொல்லுங்கள். பணம் கட்டும் முன் கைடிடம் நேரடியாகப் போனில் பேச வையுங்கள் என்று கேளுங்கள். நல்ல கம்பெனி மறுக்காது. மறுத்தால், காலையில் எவர் கையில் வேலை இல்லையோ அவரை அனுப்பப்போகிறார்கள் என்று வைத்துக்கொள்ளலாம்.

இன்னொன்று, "கடை நிறுத்தம் கிடையாது" என்று எழுத்தில் வாங்குங்கள். விலை மலிவாக இருக்கும் டூர்களில் ரத்தினக்கல் கடை, தோல் பொருள் கடை, தேன் கடை என்று ஏதாவது ஒன்று கட்டாயம் இருக்கும். கமிஷன் அங்கேதான். நீங்கள் கட்டாத பணத்தை அவர் அங்கே எடுக்கிறார்.

சுவர்க்கோழி:
எங்களையும் ஒரு நகைக் கடைக்குக் கூட்டிப்போனார்கள்தான். அதில் என்ன தப்பு? ஏசி, நல்ல கழிவறை, இலவச ஜூஸ். யாரும் கையைப் பிடித்து வாங்கச் சொல்லவில்லை.

நிழல்தேடி:
எவ்வளவு நேரம் நிறுத்தினார்கள்?

சுவர்க்கோழி:
முக்கால் மணி இருக்கும்.

நிழல்தேடி:
வாட் மகாதாட்டில் எவ்வளவு நேரம் கொடுத்தார்கள்?

சுவர்க்கோழி:
அரை மணி 🙂 சரி சரி, புரிகிறது.

மல்லிச்செடி:
சாப்பாட்டுக்கு நான் வருகிறேன். அங்கே "வெஜிடேரியன்" என்று சொன்னால் இறைச்சி இல்லாமல் கொடுப்பார்கள், ஆனால் நாம்ப்லா என்கிற மீன் சாறு சேர்ந்திருக்கும், சிப்பிச் சாறும் இருக்கும். அவர்கள் கணக்கில் அது அசைவமே இல்லை. "ஜே" என்று சொல்லுங்கள். சீன பௌத்த வழக்கப்படி இறைச்சி, மீன், முட்டை எதுவும் கிடையாது, வெங்காயம் பூண்டுகூட கிடையாது. மஞ்சள் துணியில் சிவப்பு எழுத்தில் ஒரு குறி தொங்கும் கடைகள் அவை. பெரியவர்களுக்கு அது கண்ணை மூடிக்கொண்டு சாப்பிடலாம், உப்பு உறைப்புதான் கம்மியாக இருக்கும்.

டூரில் "பஃபே மதிய உணவு" என்று இருந்தால் நம்பாதீர்கள், சைவத்துக்கு வெள்ளைச் சோறும் தர்பூசணியும்தான் மிஞ்சும். முதல் நாளே கைடிடம் சொல்லி வைத்தால் ஜே கடையில் பார்சல் ஏற்பாடு செய்வார். நீங்கள் அசைவம் என்றால் ஆற்று இறால் சுட்டது அயூத்தியாவில் விசேஷம். அப்புறம் ரோட்டி சாய் மாய். பஞ்சுமிட்டாயை நூல் நூலாக இழுத்து மெல்லிய ரொட்டியில் சுருட்டித் தருவது, அங்கே இருக்கும் முஸ்லிம் குடும்பங்கள் காலங்காலமாகச் செய்கிறார்கள். கடைக்கு முன்னால் நின்று பார்த்தால், பச்சை மாவு உருண்டையைக் கையில் வைத்து, சூடான கல்லில் ஒரு தேய் தேய்த்துக் கையை எடுப்பார், கல்லில் காகிதம் மாதிரி ஒரு வட்டம் ஒட்டியிருக்கும். உங்கள் பையன் அங்கேயே நின்றுவிடுவான்.

அரைத்தூக்கம்:
நான் ஒரு மாற்றுக் கருத்து சொன்னால் அடிக்க வரக்கூடாது. அயூத்தியா எனக்குப் பெரிய ஏமாற்றம். தலை இல்லாத புத்தர், தலை இல்லாத புத்தர், மறுபடி தலை இல்லாத புத்தர். எங்கள் கைடு ஒவ்வொரு இடத்திலும் ஒரே வாக்கியம்: "பர்மாக்காரன் உடைத்தான்." பாங்காக்கிலேயே மரகத புத்தர் கோயிலும் வாட் போவும் முழுசாக, பளபளவென்று இருக்கின்றன. ஒரு நாளை எதற்காக இடிபாட்டுக்குக் கொடுப்பது?

செங்கல்சூளை:
நீங்கள் சொல்லும் கைடு எனக்கும் வாய்த்திருக்கிறார் 🙂 அடிக்க வரமாட்டேன், ஆனால் அந்த ஒற்றை வாக்கியத்தைக் கொஞ்சம் பிரிக்கணும்.

1767இல் எரித்ததும் கொள்ளையடித்ததும் உண்மை. வாட் பிரா சி சன்பெட்டில் 16 மீட்டர் நின்ற புத்தர், தங்கத் தகடு போர்த்தியது, அந்தத் தங்கம் உருகிப் போனது அப்போதுதான். ஆனால் இன்று நாம் பார்க்கும் வெறுமை முழுவதும் அந்த ஒரு படையெடுப்பு செய்தது இல்லை. 1782இல் பாங்காக்கைத் தலைநகராக்கிய முதலாம் ராமா, புது நகரத்தின் மதில் கட்ட அயூத்தியாச் செங்கல்லைத்தான் படகில் ஏற்றிக்கொண்டு வரச் செய்தார். நீங்கள் முழுசாக, பளபளவென்று இருக்கிறது என்று சொல்லும் ஊரின் அடியில் இருப்பதே இந்த இடிபாடுதான். வாட் மகாதாட்டின் பெரிய கோபுரம் எரிந்தபிறகும் நின்றுகொண்டுதான் இருந்தது, 20ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் தானாகச் சரிந்தது. தலைகளில் நிறைய, புதையல் தேடியவர்களும் பழம்பொருள் வியாபாரத்துக்காக அறுத்தவர்களும் கொண்டுபோனவை. முண்டத்தைத் தூக்க முடியாது, தலையைப் பையில் போடலாம், அவ்வளவுதான் கணக்கு.

இன்னும் ஒன்று. மொங்கோன் போபிட் விகாரத்தில் பெரிய வெண்கலப் புத்தர் இருக்கிறாரே, கூரை இடிந்து ரொம்ப காலம் வெட்டவெளியில் உட்கார்ந்திருந்தார். 1950களில் பர்மியப் பிரதமர் ஊ நூ அயூத்தியாவுக்கு வந்து, சீரமைப்புக்கு நன்கொடை கொடுத்துவிட்டுப் போனார். பர்மாக்காரன் உடைத்தான் என்று சொல்கிற கைடு இதையும் சேர்த்துச் சொல்லலாம் இல்லையா?

வடக்கே வாட் நா பிரா மென் என்று ஒரு கோயில் முழுசாகவே தப்பியது, பர்மியப் படை அங்கே முகாம் போட்டிருந்ததால். 1760இல் பர்மிய அரசர் அலாங்பயா அந்த இடத்தில் பீரங்கி வெடித்துக் காயப்பட்டு, திரும்பும் வழியில் இறந்தார் என்று தாய்லாந்தில் சொல்வார்கள். பர்மியப் பக்கத்தில் வயிற்றுக்கடுப்பு என்று எழுதி வைத்திருக்கிறார்கள். இரண்டையும் சொல்லி உங்களை யோசிக்க விடுகிறவர்தான் என் கணக்கில் கைடு. அரைத்தூக்கம், உங்களை ஏமாற்றியது அந்த ஆள், ஊர் இல்லை.

அரைத்தூக்கம்:
பாங்காக் மதில் செங்கல் விஷயம் தெரியாது. இதை அன்றைக்கே யாராவது சொல்லியிருந்தால் தூங்காமல் இருந்திருப்பேன்.

நிழல்தேடி:
பையன் இருப்பதால் ஒன்று கேட்கிறேன். யானை சவாரி டூரில் சேர்ந்திருக்கிறதா? நிறைய டூரில் ஓசைப்படாமல் சேர்த்திருப்பார்கள். சிவப்புக் குடை பிடித்து நடு ரோட்டில், தார் சூட்டில் யானையை நடத்திக் கூட்டிப்போவார்கள். குட்டி யானை வித்தை காட்டினால் ஆரம்பத்தில் எப்படிப் பழக்கியிருப்பார்கள் என்று யோசித்தாலே பணம் கொடுக்க மனசு வராது. பையன் கேட்டால் பார்த்துவிட்டு வரட்டும், ஏற வேண்டாம் என்பது என் கருத்து.

புகைவண்டிப்பித்தன்:
இதில் நிழல்தேடி பக்கம்தான் நான். யானைக்கு ஆகும் அரை மணியைப் படகில் செலவழியுங்கள். தீவைச் சுற்றி மோட்டார் படகு மாலையில் ஓடும், ஆற்றங்கரைக் கோயில்களில் இறக்கி ஏற்றுவார்கள். அப்பாவுக்கு உட்கார்ந்தபடியே ஊரைப் பார்த்த மாதிரி இருக்கும்.

மாடித்தோட்டம்:
எல்லாவற்றையும் வைத்து இப்படித் திட்டம் போட்டிருக்கிறேன், தப்பு இருந்தால் திருத்துங்கள். தனி வேன், உரிமம் உள்ள கைடு. காலை 7 மணிக்குக் கிளம்பி பாங் பா இன் அரண்மனை, அப்புறம் வாட் யாய் சைமொங்கோன், வாட் மகாதாட், ராட்சபுரணா, பிரா சி சன்பெட், மொங்கோன் போபிட், சாப்பாடு, அருங்காட்சியகம், படுத்த புத்தர், வாட் பனன்சோங், மாலையில் வாட் சைவத்தனாராம். திரும்பும்போது பாங்காக் வரை படகு.

நிழல்தேடி:
இது ஒருநாள் டூர் இல்லை, ஓட்டப் பந்தயம்.

பாங்காக்வாசி:
பாதியைக் கிழித்துப் போடுங்கள் தம்பி.

முதலில் பாங் பா இன்னை வெட்டுங்கள். அது ஐந்தாம் ராமா காலத்து அரண்மனை, அழகுதான், குளத்தின் நடுவே 1876இல் கட்டிய மரமண்டபம், ஐரோப்பியப் பாணிக் கட்டடம், சீன மாளிகை எல்லாம் உண்டு. அங்கே வரும் வழியில் 1880இல் படகு கவிழ்ந்து மூழ்கிப்போன சுனந்தா அரசியின் நினைவுச்சின்னமும் இருக்கிறது. ஆனால் அது வேறு நூற்றாண்டு, வேறு கதை. டூர்க்காரர்கள் அதைச் சேர்ப்பதற்குக் காரணம் போகிற வழியில் இருக்கிறது, பஸ் நிறுத்த இடம் இருக்கிறது என்பதுதான். காலையின் நல்ல இரண்டு மணி நேரத்தை அது தின்றுவிடும். அப்புறம் நீங்கள் அயூத்தியாவில் கால் வைக்கும்போது சரியாக உச்சி வெயில். எல்லா குழு பஸ்ஸும் இதே வரிசையில் போவதால் 11 மணிக்கு வாட் மகாதாட்டில் எள் போட்டால் விழாது.

கோயில்கள் காலை 8 மணிக்கே திறந்துவிடும். நேரே வாட் மகாதாட் போங்கள், கூட்டம் வருவதற்குள் பார்த்துவிடலாம். எதிரே ராட்சபுரணா. பத்தரை மணிக்குள் இரண்டும் முடியும். அப்புறம் சி சன்பெட்டும் மொங்கோன் போபிட்டும் அடுத்தடுத்து, இரண்டாவதில் கூரை உண்டு, அப்பா தரையில் உட்கார்ந்து புத்தரைப் பார்த்துக்கொண்டிருக்கலாம். சி சன்பெட்டில் இருக்கும் மூன்று ஸ்தூபிகளும் மூன்று அரசர்களின் அஸ்தி வைத்தவை, தூரத்திலிருந்து பார்த்தாலே போதும், ஏற வேண்டியதில்லை. சாப்பாடு, அருங்காட்சியகம். இது திங்கள் செவ்வாயில் மூடியிருக்கக்கூடும், நாளைப் பார்த்துக்கொள்ளுங்கள். மூன்று மணிக்கு மேல் வாட் பனன்சோங் அல்லது யாய் சைமொங்கோன், ஏதாவது ஒன்று. அம்மாவுக்கு பனன்சோங் பிடிக்கும் என்று நினைக்கிறேன், அது 1324இலேயே, நகரம் வருவதற்கு முன்பே இருந்தது. 19 மீட்டர் உட்கார்ந்த புத்தர், இன்றும் ஜனங்கள் கும்பிடுகிற கோயில், காவித் துணியை மேலே வீசிப் போர்த்துவார்கள். கடைசியாக சைவத்தனாராம். 1630இல் பிரசாத் தோங் அரசர் கட்டியது, தீவுக்கு வெளியே மேற்குக் கரையில், கோபுரங்களுக்குப் பின்னால் சூரியன் இறங்கும். பழங்கால உடையை வாடகைக்கு மாட்டிக்கொண்டு படம் எடுக்கிறவர்கள் கூட்டம் இருக்கும். 2018இல் ஒரு தாய்லாந்துத் தொடர் ஓடியதிலிருந்து அப்படி.

படகில் திரும்புவதைப் பற்றி: பெரிய உல்லாசப் படகுகள் சில அயூத்தியாவிலிருந்து கிளம்புவதே இல்லை. பஸ்ஸில் நெடுந்தூரம் தெற்கே கூட்டிவந்து, பாங்காக் பக்கத்தில் ஏதாவது ஒரு துறையில் ஏற்றுவார்கள். எந்தத் துறை, எத்தனை மணிக்கு என்று கேளுங்கள். படகு மதியம் கிளம்பினால் சைவத்தனாராம் மாலை போய்விடும், இரண்டில் ஒன்றுதான்.

டிசம்பர் 30, 31 மட்டும் வேண்டாம். புத்தாண்டுக்கு பாங்காக்கே காலியாகி வடக்கே கிளம்பும், அந்த நெடுஞ்சாலையில் வண்டி ஊரும்.

மாடித்தோட்டம்:
பாங் பா இன் வெட்டியாச்சு. படகும் வெட்டியாச்சு. தேதி 27க்கு மாற்றியாச்சு. உடை விஷயத்தில் கட்டுப்பாடு உண்டா?

மல்லிச்செடி:
தோளும் முட்டியும் மறைய இருந்தால் போதும். பூஜை நடக்கும் கோயில்களில் செருப்பைக் கழற்றணும், அதனால் லேஸ் கட்டாத செருப்பு. குடை ஆளுக்கு ஒன்று. அந்த மரவேர் புத்தர் தலைக்குப் பக்கத்தில் படம் எடுக்கும்போது உட்கார்ந்து எடுங்கள், நம் தலை அவர் தலைக்கு மேலே போகக்கூடாது. பலகையிலும் எழுதியிருக்கும், காவலர் ஒருவர் அதற்காகவே நிற்பார்.

செங்கல்சூளை:
கைடிடம் கேட்க அப்பாவுக்கு ஒரு கேள்வி தருகிறேன். அயூத்தியா அரசவைக்கும் கோயில்களுக்கும் அச்சுத்துணி சோழமண்டலக் கரையிலிருந்து போனது, சயாமியர் விரும்பும் வடிவத்தை அனுப்பி அங்கே நெய்து சாயம் போட்டு வாங்கினார்கள். இப்போது மியான்மரில் இருக்கும் மெர்குய், தெனாசெரிம் துறைமுகங்களில் இறக்கி, மலை தாண்டி நடை. அந்தத் துணியில் ஏதாவது இங்கே பார்க்கக் கிடைக்குமா என்று கேட்கச் சொல்லுங்கள். இன்னொன்று, தாய்லாந்து அரண்மனைப் பிராமணர்கள் மார்கழியை ஒட்டி நடத்தும் சடங்கில் திருவெம்பாவை வரிகள், உச்சரிப்பு உருமாறி, இன்னும் ஓதப்படுகின்றன. பாங்காக்கில் அந்தப் பெரிய ஊஞ்சல் கம்பத்தைப் பார்க்கும்போது அப்பாவிடம் சொல்லுங்கள், அந்தச் சடங்கோடு சேர்ந்ததுதான் அது. ஊஞ்சல் ஆடுவதை 1930களில் நிறுத்திவிட்டார்கள்.

மாடித்தோட்டம்:
போய் வந்துவிட்டோம், எல்லாருக்கும் நன்றி. 8.10க்கு வாட் மகாதாட்டில் இருந்தோம், எங்களோடு சேர்த்துப் பத்துப் பன்னிரண்டு பேர்தான். கைடு ஐம்பது வயதுப் பெண்மணி, பையில் பிளாஸ்டிக் உறை போட்ட பழைய படங்கள் ஒரு கட்டு வைத்திருந்தார். சரிந்த கோபுரம் இருந்த இடத்துக்கு நேரே எங்களை நிறுத்தி, அது நின்றபோது எடுத்த படத்தைக் கண்ணுக்கு முன்னால் உயர்த்திப் பிடித்தார். படத்தின் அடிப்பகுதி எதிரே இருந்த செங்கல் மேட்டோடு சரியாகப் பொருந்தியது. அப்பா அந்தப் படத்தை வாங்கித் தானே பிடித்து, ஒரு கண்ணை மூடிக்கொண்டு, முன்னும் பின்னும் நகர்ந்து பொருத்திப் பார்த்தார். ஆங்கிலம் வேகமா மெதுவா என்ற பேச்சே அப்புறம் வரவில்லை.

ராட்சபுரணா நிலவறையில் பையனும் நானும் இறங்கினோம், மனைவி பாதிப் படியில் திரும்பிவிட்டாள். துணிக் கேள்விக்கு கைடு சிரித்துவிட்டு, பாங்காக் தேசிய அருங்காட்சியகத்தில் இருக்கிறது, அயூத்தியாவில் தான் பார்த்ததில்லை என்றார். சாப்பாடு ஜே பார்சல், அம்மா ஊறுகாய் எடுத்து வந்திருந்ததால் பிழைத்தோம். பனன்சோங்கில் கூட்டம் அதிகம், அப்பா உள்ளே வரவில்லை, வேனில் உட்கார்ந்துவிட்டார். தனி வேன் எடுத்தது அந்த ஒரு மணிக்காகவே தகும்.

சுவர்க்கோழி:
சந்தோஷம் சார். அடுத்த முறை நானும் வேன்தான். கைடுக்கு டிப்ஸ் எவ்வளவு கொடுத்தீர்கள்?

மாடித்தோட்டம்:
கைடுக்கு 500, டிரைவருக்கு 300. அதிகமா கம்மியா தெரியவில்லை.

பாங்காக்வாசி:
ஐந்து பேருக்கு முழு நாளுக்கு அது மரியாதையான தொகை. கையில் கொடுத்தீர்களா, ஏஜெண்ட்டிடமா?

மாடித்தோட்டம்:
கையில்தான்.

பாங்காக்வாசி:
அப்போ சரி.